ஒரே நாளில் முயில் இடிபாடும் சியான் கான் லகூன் படகும்: கைடோடு போறது பிரயோஜனமா?

கோடம்பாக்கம்_குமார்

அடுத்த மாசம் குடும்பத்தோட மெக்சிகோ போறோம். ப்ளாயா டெல் கார்மென்ல ரிசார்ட். நான், மனைவி, பத்து வயசுப் பையன், மாமியார். ரிசார்ட்ல சாப்ட்டுட்டுத் தூங்கறதுக்கு எதுக்கு இவ்வளவு தூரம் போகணும்னு வீட்ல ஒரே பேச்சு. அதனால ஒரு நாள் வெளிய சுத்தலாம்னு முடிவு.

பெரிய மாயா பிரமிடு இருக்கற சிச்சென் இட்சா தூரம் அதிகம். மாமியாருக்கு முழங்கால் வலி, அவ்வளவு நேரம் வண்டில காலை மடக்கி உக்கார முடியாது. ரிசார்ட் டூர் டெஸ்க்ல போன் போட்டுக் கேட்டதுக்கு முயில்னு ஒரு இடத்தைச் சொன்னாங்க. காலைல மாயாங்கற அந்த ஊர்ப் பூர்வகுடி மக்களோட பழைய ஊர் இடிபாடு, காட்டு வழியா நடை, அப்புறம் சியான் கான் காப்பகத்துக்குள்ள இருக்கற லகூன்ல (காயல்) படகு, ஒரு கால்வாய்ல மிதந்து போறது, மதிய சாப்பாடு, கைடு, வண்டி எல்லாம் ஒரே காசுல. கேக்க நல்லாத்தான் இருக்கு. ஆனா "எல்லாம் சேத்து"ன்னு யாராவது சொன்னாலே எனக்கு உதறல். இடிபாட்டையும் ஒழுங்கா பாக்காம, தண்ணியையும் அனுபவிக்காம வந்து சேருவோமோன்னு இருக்கு.

போனவங்க சொல்லுங்க. பையனுக்கு நீச்சல் தெரியும். மாமியாருக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்னு சொல்லிக்குவேன்.

டல்லாஸ்_தினேஷ்

வேண்டாம் ப்ரோ. நாங்க இந்த மாதிரி ஒரு காம்போ டூர் போனோம். கம்பெனி பேர் வேண்டாம். துலும் இடிபாட்டுக்குக் கொடுத்த நேரம் முக்கால் மணி. அதுல பாதி டிக்கெட் வரிசைலயே போச்சு. அப்புறம் "சும்மா பாத்ரூம் ஸ்டாப்"னு ஒரு வெள்ளி நகைக் கடை. அங்க மட்டும் ஒரு மணி நேரம்! அப்புறம் செனோட்டேன்னு ஒரு குகைக் குளம், அப்புறம் பஃபே, கடைசில லகூன். படகுல ஏறும்போது எல்லாரும் அரைத் தூக்கம். கைடு மைக்ல "மர்மமா மறைஞ்சுபோன மாயா இனம்"னு ஒப்பிச்சிட்டே வந்தார்.

என் கருத்து: இடிபாட்டுக்கு ஒரு நாள், தண்ணிக்கு ஒரு நாள். ரெண்டையும் ஒட்ட வைக்கறதே டூர்காரன் வசதிக்குத்தான்.

காயல்நாடோடி

தினேஷ் கோபம் நியாயமானது, ஆனா அது வேற டூர். நெடுஞ்சாலைல கிடைச்ச நாலு இடத்தைக் கோத்து ஒரு நாளாக்கினது. முயில்ல இடிபாட்டையும் லகூனையும் டூர்காரன் சேக்கலை. அந்த ஊரைக் கட்டினவங்களே சேத்துதான் கட்டினாங்க.

யுகாத்தான் தீபகற்பத்தோட வட பாதில தரைக்கு மேல ஓடற ஆறுன்னு சொல்லிக்க ஒண்ணும் கிடையாது. முழுக்கச் சுண்ணாம்புக்கல். பெய்யற மழை அப்படியே உள்ள இறங்கி, பூமிக்கடியில குகை குகையா ஓடும். குகைக் கூரை இடிஞ்ச இடத்துல அந்தத் தண்ணி கண்ணுக்குத் தெரியும், அதுதான் செனோட்டே. சரக்கு சுமக்க மாடு, குதிரை, வண்டி எதுவும் இல்லாத சமூகம் வேற. ஒண்ணு மனுஷன் முதுகு, இல்லாட்டி தோணி. அப்படிப்பட்ட பூமில, உள்நாட்டுல இருந்தபடியே கடல் வரைக்கும் தோணி விடலாம்னு ஒரு இடம் அமைஞ்சா விடுவாங்களா? முயில் லகூன், அதை ஒட்டி சுன்யாஷ்சே லகூன், ரெண்டுக்கும் நடுவுல ஒரு கால்வாய், அப்புறம் சதுப்புக்குள்ள வளைஞ்சு போற நீரோட்டம், அந்தப் பக்கம் கரீபியன் கடல். இதுதான் அவங்க துறைமுக வழி.

இங்க கிடைச்ச மண்பாண்டங்களை வச்சு கி.மு. 350 வாக்குலயே ஆள் குடியிருந்திருக்காங்கன்னு சொல்றாங்க. ஸ்பானியர் காலத்துக்குக் கொஞ்சம் முன்ன வரைக்கும் புழக்கம் இருந்திருக்கு. உப்பு, தேன், பருத்தித் துணி, கக்காவ் (கோகோ) கொட்டை, குவாத்தமாலா மலைலேருந்து வந்த அப்சிடியன்ங்கற எரிமலைக் கண்ணாடி, ஜேட் கல்லுன்னு இந்தக் கரையோரமா சரக்கு ஏறி இறங்கிட்டே இருந்த காலம். தோணின்னா நாம பாக்கற மீன்பிடித் தோணி இல்லை. 1502ல் கொலம்பஸ் தன்னோட நாலாவது பயணத்துல, ஹோண்டுராஸ் பக்கம் குவானாஹா தீவுகிட்ட ஒரு வணிகத் தோணியைப் பாத்தார். துடுப்பு போட மட்டும் 25 பேர். உள்ள துணி, செம்புக் கோடாலி, கக்காவ். அது மாயா வணிகர்களோடதுன்னு பல ஆய்வாளர்கள் நினைக்கறாங்க.

அதனால முயில்ல கோயிலை மட்டும் பாத்துட்டுத் திரும்பினா பாதி ஊரைத்தான் பாத்திருக்கீங்க. படகுல போறப்ப நடுவுல ஷ்லபாக்னு ஒரு சின்னக் கல் கட்டடத்துக்கிட்ட நிறுத்துவாங்க. குனிஞ்சுதான் உள்ள போகணும். வர்ற போற தோணிகளைக் கவனிச்சு வரி வாங்கின இடம்னு கைடுகள் சொல்வாங்க. வரி வாங்கினாங்களோ இல்லையோ, அதோட வாசல்ல நின்னு தண்ணியைப் பாத்தா அந்தக் கட்டடத்தை ஏன் அங்க வச்சாங்கன்னு யாரும் விளக்க வேண்டியதில்லை.

ஒண்ணு மட்டும் கவனிங்க. டூர் விளம்பரத்துல "மாயாக்கள் வெட்டின கால்வாய்"னு போட்டிருக்கும். முழு வழியும் வெட்டினது கிடையாது. பெரும்பகுதி இயற்கையா ஓடற நன்னீர். தேவைப்பட்ட இடத்துல வெட்டி, தூர் வாரி, தோணி போற அகலத்துக்குக் கொண்டுவந்திருக்காங்க.

டல்லாஸ்_தினேஷ்

சரி, வரலாறு ஓகே. ஆனா ஏற முடியாத ஒரு பிரமிடு, அதுவும் நடுத்தர சைஸ். அதுக்கு ஒரு நாளா?

காயல்நாடோடி

அந்தப் பிரமிடு பேரு எல் காஸ்தீயோ, 17 மீட்டர். சிச்சென் இட்சா சைஸ் இல்லை, உண்மைதான். ஆனா இந்த கிந்தானா ரோ மாநிலக் கடலோரத்துல இதுதான் உயரமானவைல ஒண்ணு. சரிவைப் பாருங்க, குவாத்தமாலாவோட திகால் பக்கத்துக் கட்டடம் போல செங்குத்தா நிக்கும். உச்சில வட்ட வடிவமா ஒரு கல் கட்டுமானம் இருக்கும். இந்த வட்டாரத்துல அது அபூர்வம்.

ஏற விடறதில்லைங்கறது நல்லதுக்குத்தான். காலைல 9 மணிக்குப் போனா பிரமிடு முன்னாடி பத்துப் பேர் கூட இருக்க மாட்டாங்க. துலும்ல அந்த நேரத்துக்குப் பஸ் பஸ்ஸா இறங்கிட்டிருப்பாங்க.

டொரோண்டோ_வதனி

குமார் அண்ணா, நாங்கள் மாசி மாதம் போனனாங்கள். அம்மாவும் வந்தவ. அவவுக்கும் நீந்தத் தெரியாது, முழங்காலும் சரியில்லை. அதால உங்கட கேள்விக்கு நான் பதில் சொல்லலாம் எண்டு நினைக்கிறன்.

இடிபாட்டுப் பகுதி மேடு பள்ளம் இல்லாத பாதை. வேர்கள் இருக்கு, பார்த்து நடக்கோணும், அவ்வளவுதான். அதுக்குப் பிறகு களப்புக்கு (லகூனுக்கு) போற காட்டுவழி அரைக் கிலோமீட்டர் மட்டில. சேறான இடமெல்லாம் பலகை போட்டிருக்கு. அந்த வழிக்கு இடிபாட்டு டிக்கட்டோட சேராத தனிக் காசு. நடுவில மரத்தால கட்டின உயரமான கோபுரம் ஒண்டு நிக்குது. ஏணி மாதிரியான படி. அம்மாவைக் கீழ வாங்கில இருத்திப்போட்டு நாங்கள் ஏறினனாங்கள். மேல இருந்து பார்க்கத்தான் களப்பு எவ்வளவு பெரிசு எண்டு விளங்கும். திருத்த வேலை எண்டு சில நேரம் பூட்டி வைப்பினம் எண்டும் கைடு சொன்னவர். அதை நம்பிப் போகாதேங்கோ.

படகு சின்னது, எஞ்சின் பூட்டினது. ஏறி இறங்கிற இடத்தில படகுக்காரர் கை குடுப்பினம். காத்து எதிர்ப்பக்கம் அடிச்சால் முன்னுக்கு இருக்கிறவை முழுக்க நனைவினம். நாங்கள் போன அண்டு வடக்குக் காத்து. குளிர்காலத்தில இடைக்கிடை வரும், "நோர்தே" எண்டு சொல்லுவினம். களப்பு முழுக்கச் சின்னச் சின்ன அலை, தம்பி மகனுக்குப் பல்லுக் கிட்டிப்போச்சு. குமார் அண்ணா, பிள்ளைக்கு ஒரு மெல்லிய ஜாக்கெட் கொண்டு போங்கோ. மெக்சிகோ எண்டால் வெயில் எண்டு நினைச்சுப் போறது பிழை.

இனி மிதக்கிறது. லைஃப் ஜாக்கெட்டை மேல போடுறேல்லை. தலைகீழாய்ப் பிடிச்சு, கை விடுற ஓட்டைக்குள்ள காலை விட்டு, இடுப்பில இறுக்கிக் கட்டுவினம், குழந்தைப்பிள்ளையின்ர டயப்பர் மாதிரி. பார்க்கச் சிரிப்பு. ஆனா அதில இருந்தால் கதிரையில சாய்ஞ்சு இருக்கிற சுகம், தலை தண்ணிக்கு மேல நிக்கும். நீரோட்டம் தானாய்க் கொண்டு போகும், கை கால் அடிக்கத் தேவையில்லை. அரை மணித்தியாலத்துக்குக் கிட்ட. அம்மா முதல் மாட்டன் எண்டு கரையில நிண்டவ. பிறகு கைடு பெடியன் தன்ர ஜாக்கெட்டின்ர வாரை அம்மான்ர கையில குடுத்து, "இதைப் பிடியுங்கோ, நான் முன்னுக்குப் போறன்" எண்டு சைகையால காட்டினவர். அதுக்குப் பிறகு அவதான் கடைசியாய்க் கரையேறினது.

தண்ணி கண்ணாடி. அடியில வெள்ளைச் சுண்ணாம்புச் சேறு, அதாலதான் அந்த நீலப் பச்சை நிறம். ரெண்டு பக்கமும் கண்டல் மரம், புல்லு. வேருக்குள்ள சின்ன மீன்கள் நிண்டு பார்க்கும்.

கோடம்பாக்கம்_குமார்

வதனி, ரொம்ப ரொம்ப நன்றிம்மா. மாமியார்கிட்ட படிச்சுக் காட்டினேன். "டயப்பர்" வரைக்கும் சிரிச்சாங்க, அப்புறம் "முதலை இருக்கா கேளு"ன்னாங்க.

முதலை இருக்கா?

காயல்நாடோடி

இருக்கு. மறைக்க வேண்டியதில்லை. சியான் கான் 5 லட்சம் ஹெக்டேருக்கு மேல பரந்த காப்பகம், 1987ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியல்ல சேந்தது. காடு, சதுப்பு, லகூன், பவளப்பாறை எல்லாம் உள்ள அடக்கம். முதலை இல்லாட்டிதான் ஆச்சரியம். ஆனா ஆளுங்க மிதக்கற அந்தக் கால்வாய் நாள் முழுக்க நடமாட்டம் உள்ள இடம். கைடு இறங்கச் சொன்ன இடத்துல இறங்குங்க, ஏறச் சொன்ன இடத்துல ஏறுங்க. போட்டோவுக்காகப் புல்லை விலக்கிட்டு ஓரமாப் போகாதீங்க. பையன்கிட்ட இதை ரெண்டு தடவை சொல்லுங்க.

பாத்ரூம்: இடிபாட்டு வாசல்ல ஒண்ணு, படகுத்துறைல ஒண்ணு. தண்ணில ஏறினப்புறம் கிடையாது.

ஹூஸ்டன்_ப்ரியா

யாரும் சாப்பாட்டைப் பத்திப் பேசலையே. நாங்க சைவம், அதனால சொல்றேன்.

"சின் கார்னே" (கறி இல்லாம)ன்னு சொன்னா போதும்னு கூகுள் சொல்லும். போதாது. அங்க நிறைய பேருக்கு கார்னேன்னா மாட்டுக்கறி, பன்றிக்கறி. கோழி அதுல சேராது. சிரிச்ச முகத்தோட கோழித் துண்டு போட்ட தட்டைக் கொண்டுவந்து வைப்பாங்க. கோழி வேண்டாம், மீன் வேண்டாம்னு தனித்தனியாச் சொல்லணும். கறுப்பு பீன்ஸ் பாக்க சைவமா இருக்கும், ஆனா பன்றிக் கொழுப்புல தாளிச்சிருக்கலாம். "சின் மன்தேகா" (பன்றிக் கொழுப்பு இல்லாம)ன்னு கேளுங்க. சாதம் கோழி சூப்புல வேக வச்சிருக்கலாம். இதையெல்லாம் டூர் புக் பண்ணும்போதே எழுத்துல கொடுத்துடுங்க. கிராமத்துச் சமையல்காரம்மாகிட்ட சாப்பாட்டு நேரத்துல போய் நின்னு சொன்னா அவங்களும் பாவம் என்ன பண்ணுவாங்க.

சூடா சோள டார்ட்டியா, அவகாடோ, வறுத்த வாழைப்பழம், ஹபனேரோ சட்னி கிடைச்சா போதும், வயிறு நிறைஞ்சிடும். அந்த ஹபனேரோ நம்ம ஊர் ஆளுங்களையே ஒரு நிமிஷம் பேச விடாது. கரண்டி நுனில எடுங்க.

பட்ஜெட்_பாலா

நான் மாத்திச் சொல்றேன். டூரே வேண்டாம். ப்ளாயாலேருந்து துலும் வரைக்கும் கொலெக்டீவோங்கற ஷேர் வேன். அங்கேருந்து 307 நெடுஞ்சாலைல தெற்கே 20 கிலோமீட்டர் வாக்குல முயில். ஃபெலிப்பே கார்ரீயோ புவேர்ட்டோங்கற ஊருக்குப் போற வேன்ல ஏறி "முயில் ரூயினாஸ்"னா வாசல்லயே இறக்கி விடுவான். டிக்கெட் வாங்கி உள்ள போங்க, காட்டு வழியா நடந்து படகுத்துறைக்கு வாங்க, உள்ளூர் கூட்டுறவுப் படகுக்காரங்க இருப்பாங்க, அங்கயே பேசி ஏறிக்கலாம். ரிசார்ட் சொல்ற விலைல பாதிகூட ஆகாது. கையில பெசோ ரொக்கம் வச்சுக்கோங்க, கார்டை நம்பாதீங்க.

கோடம்பாக்கம்_குமார்

பாலா, தனியாளா இருந்தா யோசிக்காமப் போயிடுவேன். மாமியாரை நெடுஞ்சாலைல வேனுக்கு நிக்க வச்சா அப்புறம் வீட்ல நான் நிக்கணும்.

காயல்நாடோடி

பாலா சொன்ன வழி சரியான வழி, இளசுகளுக்கு நான் அதைத்தான் சொல்வேன். ஆனா கைடுக்குக் கொடுக்கற காசு வண்டிக்கு மட்டும்னு நினைக்காதீங்க. அந்தக் காட்டு வழில கைடு இல்லாம நடந்தா மரம் மரமாத்தான் தெரியும்.

ஒரு சாம்பிள். பாதையோரத்துல ஒரு மரம், பட்டைல கரேல்னு தார் வடிஞ்ச மாதிரி திட்டு. அது செச்சேன். பால் தோல்ல பட்டா அமிலம் பட்ட கணக்கா வெந்து கொப்பளிக்கும். மழை பெய்யறப்ப அது கீழ ஒதுங்கக் கூடாது. கொஞ்ச தூரத்துல செம்புநிறத்துல பட்டை உரிஞ்சு தொங்கற இன்னொரு மரம், அது சக்கா. செச்சேன் புண்ணுக்கு அங்க உள்ளவங்க இதோட பட்டையைத்தான் தேச்சுக்கறாங்க. ரெண்டும் பெரும்பாலும் பக்கத்துப் பக்கத்துல நிக்கும். இது எனக்கு ஒரு உள்ளூர் கைடு காட்டினது. அதுக்கு முன்னாடி நான் செச்சேன் மேல கை வச்சு ஷூ லேஸ் கட்டற நிலைமைல இருந்தேன், அவர் பிடிச்சு இழுத்தார்.

இன்னும் கொஞ்சம் உள்ள போனா சப்போட்டா மரம். நாம சாப்பிடற அதே சப்போட்டா, அதுக்குச் சொந்த ஊரே இந்தப் பக்கம்தான். அடிலேருந்து மேல வரைக்கும் குறுக்கு மறுக்கா அரிவாள் வெட்டுத் தழும்பு. சூயிங் கம்முக்குப் பால் எடுத்த தழும்பு. 20ஆம் நூற்றாண்டோட முதல் பாதில அமெரிக்காக்காரன் மென்னு துப்பின கம்முக்கு இந்தக் காட்டுலேருந்துதான் சிக்லேங்கற அந்தப் பால் போச்சு. கயிறு கட்டி மரம் ஏறின சிக்லேரோக்கள்ல சிலர்தான் காட்டுக்குள்ள மறைஞ்சு கிடந்த இடிபாடுகளை வெளியாளுக்குக் காட்டிக் கொடுத்தவங்களும்.

தினேஷ் சொன்ன "மறைஞ்சுபோன இனம்" கதைக்கு வரேன். மறையவே இல்லை. யுகாத்தான் மாயா மொழி பேசறவங்க மெக்சிகோல இன்னைக்கு 7 லட்சத்துக்கும் மேல. 1847ல் ஆயுதம் எடுத்து, 1901 வரைக்கும் இந்தப் பகுதியை மெக்சிகோ அரசு கையில சிக்காம வச்சிருந்தவங்க அவங்க. பாலா வேன் பிடிக்கச் சொன்னாரே ஃபெலிப்பே கார்ரீயோ புவேர்ட்டோ, அதுதான் அப்ப அவங்க தலைநகர், சான் சாந்தா க்ரூஸ். உங்களுக்குப் படகு ஓட்டப் போறவரோட தாத்தா அந்தச் சண்டையைப் பத்திக் கேட்டு வளந்தவரா இருக்கலாம். மறைஞ்சுபோன மர்ம இனம்னு மைக்ல சொல்ற கைடு, மறைஞ்சுபோன ஆள் ஓட்டற படகுலதான் உக்காந்துட்டுச் சொல்றார்.

டல்லாஸ்_தினேஷ்

😂 அந்தக் கடைசி வரிக்காக என் முதல் பதிவைப் பாதி வாபஸ் வாங்கறேன். வெள்ளிக் கடை பாதி அப்படியே இருக்கும்.

நெறியாளர்

"மயனும் மாயாவும் ஒண்ணு, எல்லாம் நம்ம ஆளுங்கதான்" பதிவுகள் நீக்கப்பட்டிருக்கு. அதுக்குத் தனி இழை ஏற்கனவே எரிஞ்சிட்டிருக்கு, அங்க போய் எண்ணெய் ஊத்துங்க. இங்க பயணம் மட்டும்.

அட்லாண்டா_அருள்

லேட்டா வந்துட்டேன். முயில் நல்ல இடம், ஆனா இடிபாடு, படகு ரெண்டும் சேந்த ஒரு நாள்னா ராஜா லமனாய்தான். பெலீஸ் நாட்டோட வடக்குல ஆரஞ்ச் வாக் ஊர்லேருந்து நியூ ரிவர்ல படகு, 26 மைல் வாக்குல, ஒண்ணரை மணி நேரப் பயணம். ஆறு வளைஞ்சு வளைஞ்சு போய் திடீர்னு அகலமான லகூன்ல திறக்கும், அதோட கரைலதான் இடிபாடு. சாலை வழியாவும் போகலாம். போகாதீங்க.

வழில ஓட்டுநர் எஞ்சினை அணைச்சுட்டு, தண்ணி மேல சாஞ்ச ஒரு அடிமரத்துக்குப் பக்கத்துல படகை ஒட்டி விட்டார். ஒண்ணுமே தெரியலை. "பட்டையைப் பாருங்க"ன்னார். பாத்துட்டே இருந்தேன். பட்டைல ஒரு துண்டு லேசா அசைஞ்சுது. வவ்வால்! விரல் நீளம்கூட இருக்காது, ஒண்ணுக்குக் கீழ ஒண்ணா நேர் வரிசைல தலைகீழா ஒட்டிட்டிருக்கு. ஒண்ணைக் கண்டுபிடிச்சதும் மொத்த வரிசையும் தெரிய ஆரம்பிச்சிருச்சு.

இடிபாட்டுல முக்கியமா மூணு கோயில். உயரக் கோயில் 33 மீட்டர், கி.மு. 100 வாக்குல எழும்பினது. பின்னாடி மரப்படி போட்டிருக்காங்க, நாங்க ஏறினோம். மேல நின்னா லகூன் முழுக்கக் காலடில. முகமூடிக் கோயில்ல சுமார் 4 மீட்டர் உயரத்துக்குச் சுவர்ல முகம், தலைல முதலைக் கிரீடம். இப்ப நாம பாக்கற முகம் ஃபைபர்கிளாஸ்ல எடுத்த நகல், அசலை உள்ள மூடிப் பாதுகாத்திருக்காங்க. கைடு இதைச் சொன்னதும் எங்க குழுல ரெண்டு பேருக்கு முகமே விழுந்துடுச்சு. எனக்கு அதுல குறை தெரியலை. சுண்ணாம்புக்கல் வெப்பமண்டல மழைல எத்தனை வருஷம் தாங்கும்?

பந்து ஆட்டக் களம் ஒண்ணு இருக்கு, சின்னதுதான். அதோட நடுவுல பதிச்ச வட்டக் கல்லுக்கு அடியில காணிக்கையா வச்ச பாத்திரத்துல பாதரசம் கிடைச்சுது. 1974லேருந்து 1986 வரைக்கும் அங்க தோண்டின கனடாவோட ராயல் ஒன்டாரியோ அருங்காட்சியகத்துக் குழு கண்டுபிடிச்சது. ஊர் கைவிடப்படவும் இல்லை. ஸ்பானியர் 16ஆம் நூற்றாண்டுல ஒண்ணுக்குப் பின்னாடி ஒண்ணா ரெண்டு தேவாலயம் கட்டினாங்க. 1640 வாக்குல மக்கள் கிளர்ச்சி பண்ணி எரிச்சுட்டாங்க. 19ஆம் நூற்றாண்டுல வெள்ளைக்காரன் சர்க்கரை ஆலை வச்சான், அதுவும் படுத்துடுச்சு. அந்த இரும்புப் பல்சக்கரத்தை இப்ப அத்தி மரம் வேரால இறுக்கிப் பிடிச்சிருக்கு.

இன்னொரு லாபம், பெலீஸ்ல ஆட்சிமொழி ஆங்கிலம். கைடு சொல்றது பாட்டிக்கும் பையனுக்கும் நேரடியாப் புரியும்.

கோடம்பாக்கம்_குமார்

அருள் அண்ணே, ஆசை காட்டாதீங்க. ப்ளாயாலேருந்து பெலீஸ் எல்லை தாண்டி ஒரே நாள்ல போய்ட்டு வர முடியுமா?

அட்லாண்டா_அருள்

முடியாது. எல்லைல நிக்கற நேரத்தையும் சேத்தா நாள் அங்கயே முடிஞ்சுடும். பெலீஸ்ல தங்கினாத்தான் லமனாய். இந்தத் தடவை உங்களுக்கு முயில்தான். ஏதாவது கப்பல் பயணத்துல பெலீஸ் சிட்டில இறங்கற வாய்ப்பு வந்தா லமனாய் எடுங்க, கப்பல் கிளம்பற நேரத்துக்குத் திருப்பிக் கொண்டுவந்து விடற டூர் இருக்கு.

ஹூஸ்டன்_ப்ரியா

விசா பத்தி ஒரு வரி: செல்லுபடியாகற அமெரிக்க விசா முத்திரையோ கிரீன் கார்டோ பாஸ்போர்ட்டோட கையில இருந்தா மெக்சிகோவுக்குத் தனி விசா வேண்டாம். முத்திரை காலாவதியாகி வேலை அனுமதிப் பேப்பர் மட்டும் வச்சிருக்கறவங்க அதை நம்பிக் கிளம்பாதீங்க, மெக்சிகோ தூதரகத்துல விசா வாங்கணும். மாமியார் சுற்றுலா விசால வந்திருந்தா அவங்க பாஸ்போர்ட்ல முத்திரைத் தேதியைப் பாத்துக்கோங்க குமார்.

கோடம்பாக்கம்_குமார்

பாத்துட்டேன், இருக்கு. பருவம் எப்படி? கடற்பாசி பிரச்சனைன்னு ஒரே செய்தியா வருதே.

காயல்நாடோடி

சர்காசம் கடற்கரைக்குத்தான். வசந்தம், கோடைல வந்து குவியும், அழுகி நாறும். லகூன் உள்நாட்டு நன்னீர், அங்க அது வராது. பீச் கெட்டுப்போன வாரத்துலகூட முயில் தண்ணி தெளிவா இருக்கும். மழை ஜூன்லேருந்து அக்டோபர் வரைக்கும். புயல் பயமும் அப்பதான், 2024 ஜூலைல பெரில் புயல் துலும் பக்கத்துலதான் கரையேறிச்சு. நீங்க போற மாசத்துக்கு வதனி சொன்ன வடக்குக் காத்து ஒண்ணுதான் கவலை. காத்து பெரும்பாலும் மதியத்துக்கு மேல வலுக்கும், அதனால சீக்கிரம் தண்ணில இறங்கற டூரா பாருங்க.

டூர் டெஸ்க்ல கேக்க வேண்டியதை மட்டும் சொல்றேன். பிக்கப் எத்தனை மணி? 10 மணிக்கு மேலன்னா வேண்டாம். முயில்னு சொல்லிட்டு துலும்லயும் நிறுத்துவாங்களா? நிறுத்துவோம்னா அது தினேஷ் போன பஸ்ஸோட தம்பி. ரெண்டு லகூனும் தாண்டிக் கால்வாய் வரைக்கும் படகு போகுமா, இல்ல முதல் லகூன்ல ஒரு சுத்து சுத்திட்டு இறக்கிடுவாங்களா? கடைசியா, கைடு எந்த ஊர்க்காரர்? இந்தக் கேள்விக்கு டெஸ்க்ல பதில் தெரியலைன்னா பரவாயில்லை, ஆனா கேட்டு வைங்க.

ட்ரோன் எடுத்துட்டுப் போற ஐடியா இருந்தா வீட்லயே வச்சுடுங்க. காப்பகத்துல அனுமதி இல்லாம பறக்க விடக் கூடாது.

டொரோண்டோ_வதனி

இன்னொண்டு மறந்துபோனன். சன்ஸ்க்ரீன், கொசு மருந்து ரெண்டும் பூசிக்கொண்டு தண்ணிக்குள்ள இறங்க விடமாட்டினம். "ரீஃப் சேஃப்" (பவளப்பாறைக்குக் கெடுதல் இல்லை) எண்டு எழுதியிருந்தாலும் விடேல்லை. அதால முழுக்கை நீச்சல் சட்டை, தொப்பி எடுத்துக்கொண்டு போங்கோ. கொசு காட்டுவழிக்குள்ளதான், களப்பில இல்லை. மாமிக்குச் சேலை வேண்டாம். சுடிதார் எண்டாலும் துப்பட்டா இல்லாமல். ஜாக்கெட்டுக்குள்ள கால் விடேக்க அகலமான கால்சட்டை சிக்கும். அம்மா என்ர லெக்கிங்ஸ் போட்டுக்கொண்டுதான் இறங்கினவ. படம் எடுக்க விடேல்லை.

கோடம்பாக்கம்_குமார்

டெஸ்க்ல மறுபடி பேசினேன். காலை 7:30 பிக்கப், துலும் நிறுத்தம் இல்லை, ரெண்டு லகூனும் உண்டு, குழு எட்டுப் பேருக்கு மேல இல்லை. கைடு எந்த ஊர்னு கேட்டதுக்கு அந்தப் பொண்ணு ஒரு நிமிஷம் முழிச்சுட்டு, யாரையோ கூப்பிட்டுக் கேட்டுட்டு, "கார்ரீயோ புவேர்ட்டோ பக்கம், வீட்ல மாயாதான் பேசுவார்"னாங்க. முன்பணம் கட்டியாச்சு. சைவச் சாப்பாட்டை ப்ரியா சொன்ன மாதிரி மெயில்ல எழுதிக் கொடுத்துட்டேன், பன்றிக் கொழுப்பு உட்பட.

மாமியார் லெக்கிங்ஸ் வாங்கணும்னு மால்ல நிக்கறாங்க. கறுப்பா நேவி ப்ளூவான்னு போன்ல ஓடிட்டிருக்கு.

டல்லாஸ்_தினேஷ்

கறுப்பு. வெள்ளைச் சேறு ஒட்டினா துவைச்சாப் போயிடும்.

ஆமா, அந்தப் படகு டூர் பேரை எனக்குத் தனிச்செய்தில அனுப்புங்க ப்ரோ. டிசம்பர்ல என் அண்ணன் குடும்பம் வருது.